மனித மாண்பும் கத்தோலிக்கச் சிந்தனையும்: ஒரு வரலாற்று நோக்கு

நம் கல்விக் கழகத்தின் வெள்ளி விழா மலருக்கு வரலாற்றுக் கட்டுரை ஒன்று எழுதித் தருமாறு செயலாளர் அவர்கள் என்னைப் பணித்தார்கள். எப்பொருளைப் பற்றி எழுதுவது என்று எண்ணிக் கொண்டிருந்த நாள்களில், கழகத்தின் இரவுப் பாடசாலையில் பத்தாம் வகுப்பு மாணவன் ஒருவன் ஒரு வினாவை எழுப்பினான். "ஐயா, படிச்சாத்தான் நம்மள மனுசனா மதிப்பாங்கன்னு எல்லாரும் சொல்றீங்க. அப்போ எழுதப் படிக்கத் தெரியாத எங்க தாத்தா மனுசன் இல்லையா?" என்பதே அவ்வினா. முப்பதாண்டுக் காலம் ஆசிரியப் பணியில் இருப்பவன் யான். கல்வியே நம்மை மனிதராக்கும் என்று மேடைதோறும் முழங்கியவனும் யானே. அன்று அவனுக்கு விடையிறுக்க என் நா எழவில்லை.

ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்னர் ஸ்பெயின் நாட்டில் இதே வினா பேரறிஞர் அவையில் விவாதிக்கப்பட்டது. அவ்வரலாற்றையே ஈண்டு எழுதத் துணிந்தேன். யான் கத்தோலிக்கன் அல்லேன். அச்சமயத்தைப் பரப்புவதோ பழிப்பதோ என் நோக்கமன்று. மனிதனாய்ப் பிறந்தவனுக்கு மாண்பு உண்டு என்னும் கருத்தை நூற்றாண்டுக் கணக்கில் ஆராய்ந்த சமயம் அது. அச்சமயத்தைச் சார்ந்த அரசுகளின் கீழேதான் மக்கள் கூட்டங்கூட்டமாக அடிமைப்படுத்தவும் பட்டனர். ஏட்டில் இருந்த கொள்கை யாரைக் காத்தது, யாரைக் கைவிட்டது என்பதை நம் இளைஞர்கள் அறிந்திருத்தல் நன்று.

முதலில் சொல்லின் வரலாற்றைச் சிறிது காண்போம். 'ஆள்' என்னும் பொருளில் ஐரோப்பிய மொழிகளில் வழங்கும் சொல், 'பெர்சோனா' என்ற லத்தீன் சொல்லின் வழி வந்தது. நாடகத்தில் நடிகர் அணியும் முகமூடியை அச்சொல் குறித்தது. கடவுள் ஒருவர், ஆள் மூவர் என்னும் தம் கோட்பாட்டை விளக்கக் கிறித்தவ இறையியலார் அதனை எடுத்தாண்டனர். ஆறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாழ்ந்த போயத்தியுஸ் என்பார் அதற்கு இலக்கணம் வகுத்தார். அறிவுடைய இயல்பினைக் கொண்டு தனித்து நிற்கும் ஒன்றே ஆள் என்பது அதன் சாரம். பதின்மூன்றாம் நூற்றாண்டில் தாமஸ் அக்குவினாஸ் அவ்விலக்கணத்தை ஏற்று, இயற்கை அனைத்திலும் மேலான நிறைவுடையது ஆளே என்று ஏற்றம் தந்தார்.

கேட்பதற்கு இனிய கொள்கைதான். ஆயினும் அதில் ஓர் ஓட்டை உண்டு. 'அறிவுடைய இயல்பு' என்றுதானே இலக்கணம்? ஒருவனை மிதிக்க நினைப்பவன், "இவனுக்கு அறிவு ஏது?" என்று கேட்டுவிட்டால் இலக்கணத்தை மறுக்காமலேயே அந்த மனிதனை விலக்கிவிடலாம். நம் மக்களுக்கு இந்தக் கேள்வி புதியதன்று. நம் பாட்டன் காலத்துப் பண்ணைகளில் அது நாளும் கேட்கப்பட்டது.

1492ஆம் ஆண்டில் கொலம்பஸ் கடல் கடந்தபின், ஹிஸ்பானியோலா என்னும் தீவு ஸ்பானியர் கைக்கு வந்தது. இன்று ஹைத்தியும் தொமினிக்கன் குடியரசும் அத்தீவில் உள்ளன. அங்கு வாழ்ந்த மக்களை இந்தியாவைச் சேர்ந்தோர் என்று பிழைபட எண்ணி 'இந்தியர்' என்று அழைத்தனர். அவர்களை இன்னாருக்கு இத்தனை பேர் என்று குடியேறிகளிடம் ஒப்படைத்தனர். ஒப்படைக்கப்பட்டோர் பொன் சுரங்கத்திலும் வயலிலும் உழைக்க வேண்டும். பெற்றுக்கொண்டோர் அவர்களுக்குச் சமயம் போதிக்க வேண்டும். உழைப்பு வாங்கப்பட்டது, போதனை பெயரளவில் நின்றது. இருபது ஆண்டுகளுக்குள் கடும் உழைப்பாலும் பசியாலும் வன்கொலையாலும் தீவின் மக்கள்தொகை தேய்ந்து போயிற்று.

1510ஆம் ஆண்டில் தொமினிக் சபைத் துறவியர் சிலர் அத்தீவிற்கு வந்து சேர்ந்தனர். கண்ணால் கண்டவற்றைத் தமக்குள் பேசினர். பேச்சோடு நில்லாது ஒரு பிரசங்கத்தைக் கூடி எழுதி அனைவரும் கையொப்பமிட்டனர். பேச்சுவன்மை மிக்க அந்தோனியோ தே மொந்தேசினோஸ் என்பவரை அதனை நிகழ்த்தத் தேர்ந்தனர். கொலம்பஸின் மகனும் ஆளுநருமான தியேகோவையும் அரசு அலுவலரையும் வந்து கேட்குமாறு முன்கூட்டியே அழைத்தனர். 1511 டிசம்பர் 21, கிறிஸ்துமஸுக்கு முந்தைய ஞாயிறு. சாண்டோ டொமிங்கோ நகரத்து ஆலயத்தில் மொந்தேசினோஸ் பேசினார். இம்மக்கள்மீது நீங்கள் இழைக்கும் கொடுமையால் நீங்கள் அனைவரும் சாவான பாவத்தில் கிடக்கிறீர்கள் என்றார். எந்த உரிமையால் இவர்களை அடிமை கொண்டீர்கள், இவர்கள் மனிதர் அல்லரோ, அறிவுடைய ஆன்மா இவர்களுக்கு இல்லையோ என்று அடுக்கிக் கேட்டார்.

போயத்தியுஸ் நூலிலே கிடந்த அதே சொற்கள்தாம் இவை. ஆனால் இப்போது அவை வினாவாக மாறி, சுரங்க முதலாளியின் முகத்துக்கு நேரே கேட்கப்பட்டன. ஆள் என்பதன் இலக்கணம் அன்றுதான் உயிர் பெற்றது என்பது என் கருத்து.

அன்று மாலையே பெரிய மனிதர்கள் திரண்டு மடத்துக்குச் சென்று, பேசியவரை வெளியே அனுப்புமாறு அதட்டினர். மடத்தின் தலைவர் பெத்ரோ தே கோர்தோபா, அது ஒருவர் பேச்சன்று, மடத்தார் அனைவரின் பேச்சு என்றார். அடுத்த ஞாயிறு மறுத்துப் பேசுவார் என்று நம்பி அவர்கள் மீண்டும் வந்தனர். மொந்தேசினோஸ் முன்னினும் கடுமையாகப் பேசினார். இனி உங்களுக்குப் பாவசங்கீர்த்தனம் கேட்கமாட்டோம்; யாருக்கு வேண்டுமாயினும் எழுதிக் கொள்ளுங்கள் என்று முடித்தார். அவர்களும் எழுதினார்கள். அரசர் பெர்தினாந்து சினந்தார். துறவியரைக் கடிந்து அவர்களின் மேலாளரே ஸ்பெயினிலிருந்து மடல் விடுத்தார். மேலிடம் கைவிட்ட நிலையிலும் அவர்கள் தாம் சொன்னதை மறுத்துரைக்கவில்லை. 1512 டிசம்பரில் பூர்கோஸ் நகரில் சட்டங்கள் இயற்றப்பட்டன. வேலைக்கு வரம்பும் ஓய்வும் விதித்த அச்சட்டங்கள், ஒப்படைப்பு முறையை அப்படியே விட்டுவைத்தன. நோயைத் தொடாமல் கட்டுப் போடும் வழக்கம் எல்லா நாட்டு அரசுகளுக்கும் உண்டு போலும்.

அக்காலத்தில் அத்தீவில் பார்த்தொலோமே தே லாஸ் காசாஸ் என்றொரு குருவும் இருந்தார். செவில் நகரில் பிறந்து 1502இல் அங்கு வந்தவர். தாமும் இந்தியரை ஒப்படைப்பாகப் பெற்று வேலை வாங்கியவர். அந்தக் காரணத்துக்காகவே ஒரு தொமினிக் துறவி அவருக்குப் பாவமன்னிப்பு அளிக்க மறுத்ததும் உண்டு. அப்போதும் அவர் மனம் மாறவில்லை. பின்னர்க் கியூபாத் தீவிலும் பங்கு பெற்றார். 1514ஆம் ஆண்டில் அங்கு ஒரு திருநாள் பிரசங்கத்துக்காக வேதப் புத்தகத்தைப் புரட்டியபோது, ஏழையின் உடைமையைப் பறித்துப் படைக்கும் காணிக்கை கடவுளுக்கு ஏற்புடையதன்று என்னும் கருத்துடைய பகுதி அவர் கண்ணிற் பட்டது. அவர் தம்மிடமிருந்த இந்தியரை விடுவித்தார். அதன்பின் 1566இல் இறக்கும் வரை ஐம்பதாண்டுகளுக்கு மேல் அவருக்கு வேறு வேலை இல்லை.

நிற்க. எதிர்த் தரப்பாரும் வெறுங்கையோடு நிற்கவில்லை. சிலர் இயற்கையிலேயே அடிமைகளாகப் பிறக்கின்றனர் என்று கிரேக்க ஞானி அரிஸ்டாட்டில் எழுதியிருந்தார். பாரிசில் கற்பித்த ஸ்காட்லாந்து அறிஞர் ஜான் மேயர், 1510இலேயே அக்கருத்தை அமெரிக்க மக்கள்மீது ஏற்றி எழுதிவிட்டார். அவர் அமெரிக்காவைக் கண்டவரல்லர். பிறப்பினாலேயே ஒருவன் ஏவல் செய்யத் தக்கவன் என்று நூல் வகுத்தோர் நம் நாட்டில் மட்டும் இருந்தனர் என்று எண்ண வேண்டா.

1537 ஜூன் 2 அன்று போப் மூன்றாம் பவுல் ஓர் ஆணை பிறப்பித்தார். இந்தியர் உண்மையான மனிதர். அவர்கள் கிறித்தவர் அல்லாதிருப்பினும் அவர்களின் விடுதலையையும் உடைமையையும் பறித்தல் ஆகாது என்பது அதன் பொருள். ஆணையை மீறுவோரைச் சபைக்குப் புறம்பாக்கும் தண்டனை வேறொரு மடலில் விதிக்கப்பட்டிருந்தது. பேரரசர் ஐந்தாம் சார்லஸ் நெருக்கவே, அம்மடல் மறு ஆண்டே திரும்பப் பெறப்பட்டது. கொள்கை நின்றது, தண்டனை போயிற்று. 1452இலும் 1455இலும் முன்னிருந்த போப் ஐந்தாம் நிக்கோலாஸ், பிற சமயத்தாரை நிலையான அடிமைகளாக்கிக் கொள்ளப் போர்ச்சுகல் அரசருக்கு உரிமை அளித்திருந்தார் என்பதையும் இங்கே மறைக்காமற் சொல்ல வேண்டும்.

இனி, மாணவனின் வினாவுக்கு விடை சொன்னவரிடம் வருவோம். சாலமங்காப் பல்கலைக்கழகத்தில் இறையியல் கற்பித்த பிரான்சிஸ்கோ தே வித்தோரியா என்னும் தொமினிக் துறவி, 1539இல் அமெரிக்க இந்தியரைப் பற்றி ஒரு பேருரை ஆற்றினார். ஸ்பானியர் வருமுன் அம்மக்கள் தம் நிலத்துக்கும் பொருளுக்கும் உண்மையான உரிமையாளராக இருந்தனரா என்பதே அவர் எடுத்துக்கொண்ட வினா. அவர்கள் பாவிகள், ஆதலால் உரிமை இல்லை என்பார்க்கு, பாவத்தால் உரிமை அழிவதில்லை என்றார். அவிசுவாசிகள் என்பார்க்கும் அவ்வாறே விடையிறுத்தார். அறிவில்லாதவர் என்பார்க்கு அவர் தந்த விடைதான் ஆழமானது.

ஒரு சிங்கத்திடமிருந்தோ ஓநாயிடமிருந்தோ இரையைப் பறித்தால் அதற்கு யாரும் அநீதி இழைத்ததாகக் கூறமாட்டோம். ஆனால் பேசவும் அறியாத ஒரு குழந்தையின் பொருளைப் பறித்தால் அஃது அநீதி என்கிறோம். குழந்தைக்கு அறிவு இன்னும் தொழிற்படவில்லை. ஆயினும் அதற்கு அநீதி இழைக்க முடியும். எவனுக்கு அநீதி இழைக்க முடியுமோ அவனுக்கு உரிமை உண்டு. இதுவே வித்தோரியாவின் வாதம். அறிவைக் காட்டித் தேர்ச்சி பெற்றால்தான் ஆள் என்றில்லை. அநீதியால் காயப்படக்கூடிய எவரும் முன்னமே ஆள்தான். எழுத்தறியாத பாட்டனாரைப் பற்றிக் கேட்ட மாணவனுக்கு அன்று யான் சொல்லியிருக்க வேண்டிய விடை இது.

வித்தோரியா மேலும் ஒன்று கூறினார். அம்மக்களுக்கு நகரங்களும் திருமண முறையும் ஆட்சியாளரும் சட்டங்களும் வாணிகமும் உள்ளன. எனவே அவர்கள் அறிவுடையோர் என்பது கண்கூடு. அவர்கள் மந்தமாகத் தோன்றினால் அதற்குப் பெரும்பாலும் நல்ல பயிற்சி இன்மையே காரணம். ஸ்பெயின் நாட்டுக் குடியானவருள்ளும் அத்தகையோர் பலரைக் காண்கிறோமே என்றார். ஸ்பெயின் நாட்டுக் குடியானவரை அவர் குறிப்பிட்ட முறை அவ்வளவு கண்ணியமானதன்று. விலங்குக்கு அருகே கொண்டுபோய் நிறுத்துகிறார். எனினும் குறை பிறப்பில் இல்லை, வாய்ப்பில் உள்ளது என்ற கருத்தை அந்நாளில் ஒரு பல்கலைக்கழகப் பேராசிரியர் மேடையில் சொன்னது சிறிய செய்தியன்று. நம் கழகம் இருபத்தைந்து ஆண்டுகளாக விளக்கேற்றிப் பாடம் நடத்துவதும் இந்த நம்பிக்கையில்தான்.

அவரிடமும் வழுக்கல் இருந்தது. நிலம் அவர்களுடையதே என்று நிறுவியபின், ஸ்பானியர் அங்குப் பயணம் செய்யவும் வாணிகம் புரியவும் உரிமையுடையர். அதனைத் தடுத்தால் போர் தொடுக்கலாம் என்று பின்வாசல் ஒன்றைத் திறந்து வைத்தார். ஆனாலும் பேரரசர் அதனைக்கூடப் பொறுக்கவில்லை. அவ்வாண்டு நவம்பரில் சாலமங்கா மடத்துத் தலைவருக்கு மடல் எழுதி, இப்பொருளைப் பற்றிய பேச்சை நிறுத்துமாறு பணித்தார்.

1542இல் ஒப்படைப்பு முறையைப் படிப்படியாக ஒழிக்கப் புதிய சட்டங்கள் வந்தன. பெரு நாட்டுக் குடியேறிகள் கலகம் செய்து அரசப் பிரதிநிதியையே 1546இல் கொன்றனர். அதற்கு முன்னரே, 1545இல், சட்டத்தின் முதன்மையான பிரிவு நீக்கப்பட்டுவிட்டது. சலுகை இழப்போரின் சினம் சட்டத்தைக் காட்டிலும் வலிது.

இந்நிலையில்தான் 1550இலும் 1551இலும் வயாடோலிட் நகரில் அந்தப் புகழ் பெற்ற விவாதம் நிகழ்ந்தது. முதலில் போர் தொடுத்து அடக்கி, பின்னர்ச் சமயம் போதித்தல் முறையா என்பதே வினா. அரிஸ்டாட்டிலின் அரசியல் நூலை லத்தீனில் பெயர்த்த பேரறிஞர் ஹுவான் ஹினேஸ் தே செபுல்வேதா, முறையே என்று மூன்று மணி நேரம் பேசினார். அம்மக்கள் இயற்கையிலேயே தாழ்ந்தவர்; மேலோர் ஆட்சிக்கு உட்படுவது அவர்களுக்கே நன்மை என்பது அவர் வாதங்களுள் ஒன்று. எழுபது வயதை நெருங்கிய லாஸ் காசாஸ், ஐந்து நாள்கள் தம் மறுப்பைப் படித்தார். அம்மக்களின் கலைகள், ஊர்கள், ஆட்சிமுறை ஆகியவற்றைத் தம் கண்ணால் கண்டவாறு எடுத்துரைத்தார். எதிரியோ கடல் தாண்டாதவர். நடுவர் தீர்ப்பு எதுவும் வெளிவரவில்லை. இரு தரப்பாரும் வென்றதாகச் சொல்லிக் கொண்டனர். செபுல்வேதாவின் நூலை அச்சிட மட்டும் இசைவு கிட்டவில்லை. 1892இல்தான் அஃது அச்சேறியது.

இவ்வரலாற்றை நம் மாணவனுக்குச் சொன்னேன். குழந்தையைப் பற்றிய வாதத்தைக் கேட்டு மகிழ்வான் என்று எதிர்பார்த்தேன். அவனோ, "அந்தச் சபையில அமெரிக்காக்காரங்க யாரையும் கூப்பிடலையா ஐயா?" என்றான். உண்மை. வாதிட்டோரிலும் நடுவரிலும் அம்மக்களைச் சார்ந்தவர் ஒருவரும் இல்லை. தம்மை ஆள் என்று நிறுவுவதற்காக நடந்த விவாதத்தில் அவர்களுக்கு நாற்காலி இடப்படவில்லை.

பிறர் பேசும் வரையில் என்ன நேரும் என்பதற்கு லாஸ் காசாஸின் வாழ்விலேயே சான்று உண்டு. இந்தியரின் பளுவைக் குறைக்க ஆப்பிரிக்க அடிமைகளை வரவழைக்கலாம் என்று 1516இல் அவர் யோசனை கூறினார். ஒரு மக்கள் கூட்டத்தைக் காக்க இன்னொரு கூட்டத்தைத் தள்ளிய குற்றம் அது. ஆப்பிரிக்கர் பிடிக்கப்பட்டதும் அதே அநீதியே என்பதைப் பிற்காலத்தில் உணர்ந்து, தம் வரலாற்று நூலில் தம்மையே குற்றவாளியாக எழுதிவைத்தார். அதற்குள் கப்பல்கள் ஓடத் தொடங்கிவிட்டன.

ஆப்பிரிக்கருக்காக ரோமாபுரியில் வழக்குரைக்க ஆப்பிரிக்கர் ஒருவரே வர வேண்டியிருந்தது. லொரென்சோ த சில்வா மெந்தோன்சா என்பது அவர் பெயர். அங்கோலா நாட்டு அரச குலத்தவர்; கருப்பின மக்களின் பக்திச் சபைகளுக்குப் பிரதிநிதியாக நின்றவர். 1684இல் ரோமாபுரி சென்று, போப் பதினொன்றாம் இன்னொசென்டின் ஆட்சிக்கு முறையீடு அளித்தார். நிலையான அடிமைத்தனத்தையும், கிறித்தவராகிய பின்னும் மக்கள் விலங்குகளைப் போல் விற்கப்படுவதையும், அவர்கள்மீது நிகழும் சித்திரவதைகளையும் எடுத்துரைத்தார். 1686 மார்ச்சில் ரோமாபுரியின் உயர் விசாரணை மன்றம் அவ்வழக்கில் முடிவு கூறியது. தீங்கு செய்யாதவரை வலிமையாலும் வஞ்சகத்தாலும் பிடித்தலும், அவ்வாறு பிடிக்கப்பட்டோரை வாங்கி விற்றலும் தவறு. வைத்திருப்போர் அவர்களை விடுவித்து ஈடு செய்யக் கடமைப்பட்டவர் என்றது. தெளிவான முடிவு. ஆனால் நடைமுறைப்படுத்துவார் இல்லை. அடிமை வாணிகத்தைப் போப் பதினாறாம் கிரகோரி வெளிப்படையாகக் கண்டித்தது 1839இல். பிரேசில் நாட்டில் அடிமை முறை ஒழிந்தது 1888இல். மெந்தோன்சாவின் பெயரை நம் பாடநூல்களில் யான் கண்டதில்லை. லாஸ் காசாஸை அறிந்த ஆசிரியர் பலர் இவரை அறியார்.

இக்கொள்கை நம் மண்ணுக்கு வந்தபோது என்ன ஆயிற்று? போப்பாண்டவரின் தூதர் தூர்னோன் என்பார் 1703இல் புதுச்சேரிக்கு வந்தார். தமிழகத்து இயேசு சபைக் குருக்கள் உள்ளூர் வழக்கங்கள் பலவற்றை அனுமதித்து வந்தனர். 1704இல் தூர்னோன் அவற்றைக் குறித்து ஓர் ஆணையிட்டார். அதில் ஒரு விதி, நோயுற்ற பறையர் வீட்டிற்கே குரு சென்று இறுதிச் சடங்கை நிறைவேற்ற வேண்டும் என்பதாகும். விதியாகச் சொல்ல வேண்டியிருந்தது என்றால் அதுவரை நடந்தது என்ன என்று ஊகித்துக் கொள்ளலாம். சேரிக்குள் காலடி வைத்த குருவை மேற்சாதிக் கிறித்தவர் ஏற்கமாட்டார் என்பதே குருக்கள் தரப்பின் அச்சம். நாற்பதாண்டு வழக்காடலுக்குப் பின், 1744இல் போப் பதினான்காம் பெனடிக்ட் ஓர் ஏற்பாட்டுக்கு இசைந்தார். பறையருக்கென்று தனிக் குருக்களை அமர்த்திக் கொள்ளலாம் என்பது அவ்வேற்பாடு. நம் முன்னோரின் ஆன்மா மறுக்கப்படவில்லை. ஆன்மாவுக்கு மருந்து தருபவர் மட்டும் வேறாக்கப்பட்டார்.

1965இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் மனித மாண்பைத் தன் போதனையின் நடுவில் வைத்தது. 2003 நவம்பரில் போப் இரண்டாம் ஜான் பால், தமக்கு முன் வந்த தமிழக ஆயர்களிடம், கிறித்தவரிடையே சாதிப் பாகுபாட்டின் சாயலும் இருத்தலாகாது என்று அறிவுறுத்தினார். 2023 மார்ச்சில் வத்திக்கான், பிற நாடுகளைக் கைக்கொள்ளத் துணைபோன பதினைந்தாம் நூற்றாண்டு ஆணைகள் பூர்வகுடிகளின் சமமாண்பைப் போதிய அளவு காட்டவில்லை என்று ஒப்புக்கொண்டது.

யான் முன்பு பணியாற்றிய ஓர் ஊரில் கிறித்தவர் கல்லறைத் தோட்டம் ஒன்று உண்டு. அதன் குறுக்கே இடுப்பளவு உயரத்தில் ஒரு சுவர். பள்ளிக்குச் செல்லும் வழியில் நாள்தோறும் அதனைக் கண்டிருக்கிறேன். சுவருக்கு அப்பால் நம் மக்களின் கல்லறைகள், இப்பால் மற்றவர்களுடையவை. சென்ற ஆண்டு ஒரு திருமணத்துக்காக அவ்வூருக்குப் போயிருந்தபோது நின்று பார்த்தேன். சுவருக்குப் புதிதாகச் சுண்ணாம்பு அடித்திருந்தார்கள்.